மண் தேடிய மக்கள் – 12: தவணையில் வந்த பட்டா

ரஷ்ய ஜார் இரண்டாம் அலெக்சாந்தர் 1881-ல் குண்டுவீச்சில் இறந்தார். அதன்பின் பேரரசின் தென்பகுதியில் யூதர்கள் என்ன பாடுபட்டார்கள் என்பதைச் சென்ற இதழில் பார்த்தோம். கலவரம் ஓய்ந்தும் ஓயாமலும் இருக்கும்போதே, 1882 மே மாதம், புதிய சட்டங்கள் வந்தன. யூதர்கள் நகரங்களுக்கும் சிறு பட்டணங்களுக்கும் வெளியே புதிதாகக் குடியேறக் கூடாது. கிராமப்புறத்தில் நிலம் வாங்கக் கூடாது. 'இவர்கள் உழ மாட்டார்கள், வட்டிக்கு விட்டே பிழைப்பார்கள்' என்று ஏசிய அரசு, உழ நினைத்தவர்களுக்கும் மண்ணை மறுத்தது.

அப்படி மறுக்கப்பட்டவர்களில் ஒரு கூட்டம் ஏர் பிடிப்பதற்காக அட்லாண்டிக் கடலைத் தாண்டியது. அர்ஜென்டினாவின் சாந்தா ஃபே மாகாணத்தில் அவர்கள் உருவாக்கிய மோய்செஸ் வில்லே என்ற ஊரின் கதைதான் இந்த அத்தியாயம். ஒரு காலத்தில் 'அர்ஜென்டினாவின் ஜெருசலேம்' என்று பெயர் வாங்கிய ஊர் அது. இன்று அங்கே வாழும் சுமார் 2,500 பேரில் யூதர்கள் பத்தில் ஒருவர் என்ற அளவில்தான் இருக்கிறார்கள். பஞ்சத்தாலோ போராலோ அந்த ஊர் கலையவில்லை. கலைந்ததற்கான காரணத்தின் வேர், நிலம் கொடுத்த கையே எழுதிய ஒப்பந்தத்தில் இருந்தது.

கப்பல் வந்தது, நிலம் இல்லை

உக்ரைனின் மேற்கே, பொடோலியா வட்டாரத்து யூதர்கள் 1880-களின் பிற்பகுதியில் ஊர் ஊராகப் பேசி ஒரு முடிவுக்கு வந்தார்கள்: எப்படியாவது வெளியேற வேண்டும், போகிற இடத்தில் விவசாயம் செய்ய வேண்டும். எலியேசர் காஃப்மான் என்பவரைத் தங்கள் பிரதிநிதியாகப் பாரிசுக்கு அனுப்பினார்கள். அவர் முதலில் நாடியது பாலஸ்தீனத்தை. அங்கே குடியேற்றங்களை ஆதரித்துவந்த ராத்ஷீல்ட் குடும்பத்தின் உதவி கிடைக்கவில்லை. திரும்பிப் போகவும் மனமில்லாத நேரத்தில், பாரிசில் இயங்கிய அர்ஜென்டினக் குடியேற்ற அலுவலகம் அவர் கண்ணில் பட்டது.

அர்ஜென்டினா அப்போது ஆள் தேடிக்கொண்டிருந்த நாடு. ஐரோப்பியர்கள் வந்து மண்ணை உழ வேண்டும் என்பதை 1853-ல் எழுதிய அரசியல் சாசனத்திலேயே சேர்த்திருந்தார்கள். அதிபர் ஹூலியோ ரோக்கா, ரஷ்ய யூதர்களை அழைத்துவர 1881-லேயே தனிப் பிரதிநிதி ஒருவரை நியமித்தவர். பாரிஸ் அலுவலகத்தில் காஃப்மானுக்கு ஒரு நிலத் தரகர் அறிமுகமானார். புவெனஸ் ஐரஸ் மாகாணத்தில் நிலம் தருவதாக அவர் மூலம் ஒப்பந்தம் கையெழுத்தானது. நிலத்தின் உரிமையாளர் ரஃபாயேல் எர்னாந்தெஸ். கௌச்சோ எனப்படும் புல்வெளிக் குதிரைவீரனைக் காவிய நாயகனாக்கி 'மார்ட்டின் ஃபியரோ' எழுதிய ஹோசே எர்னாந்தெசின் உடன்பிறந்த தம்பி இவர்.

பிரெமன் துறைமுகத்திலிருந்து கிளம்பிய 'வேசர்' கப்பல் 1889 ஆகஸ்ட் 14 அன்று புவெனஸ் ஐரசை அடைந்தது. அதில் வந்த யூதர்கள் சுமார் 820 பேர். கிழவர்களும் கைக்குழந்தைகளும் உட்பட முழுக் குடும்பங்கள். பிரார்த்தனைச் சுருள்களோடும், ஆடுமாடுகளை மத விதிப்படி அறுக்கத் தெரிந்தவர்களோடும், ரபி எனப்படும் மதகுரு ஒருவரோடும் வந்து இறங்கினார்கள். ஒரு பட்டணத்தையே பெயர்த்தெடுத்து வந்தமாதிரி இருந்தது.

இறங்கியதும் தெரிந்தது, நிலம் இல்லையென்று. அர்ஜென்டினாவில் அந்த ஆண்டுகளில் நிலத்தின் விலை தாறுமாறாக ஏறிக்கொண்டிருந்தது. ஒப்பந்தத்தில் எழுதிய தொகைக்கு நிலத்தைக் கொடுத்தால் நஷ்டம் என்று உரிமையாளர் தரப்பு கைவிரித்துவிட்டது. கையிலிருந்த காசைத் தரகரிடமும் கப்பல் கூலியிலும் கரைத்துவிட்டு, மொழி தெரியாத ஊரில் 800-க்கும் அதிகமானோர் நின்றார்கள்.

ரயிலடியில் கழிந்த நாட்கள்

புவெனஸ் ஐரசில் அப்போது இருந்த யூத சமூகம் மிகச் சிறியது. மேற்கு ஐரோப்பாவிலிருந்து வந்த வணிகர்களே பெரும்பாலும். அவர்களுக்குத் தெரிந்த பெத்ரோ பலாசியோஸ் என்பவர் முன்வந்தார். வடக்கே, சாந்தா ஃபே மாகாணத்தில், துக்குமான் நோக்கிப் போடப்பட்டுவந்த ரயில் பாதையை ஒட்டி அவருக்குப் பெரிய நிலப்பரப்பு இருந்தது. பாதை போட்டால் மட்டும் நிலத்துக்கு மதிப்பு வந்துவிடாது. அதில் கோதுமை ஏற வேண்டும். கோதுமைக்கு ஆள் வேண்டும். யூதர்களுக்கு நிலம் வேண்டியிருந்தது, பலாசியோசுக்கு உழுகிற கை வேண்டியிருந்தது. இரண்டாவது ஒப்பந்தம் எழுதப்பட்டது.

தலைநகரிலிருந்து 600 கிலோமீட்டருக்கும் அப்பால், பலாசியோஸ் பெயரையே தாங்கிய ரயில் நிலையத்தில் அவர்களை இறக்கிவிட்டார்கள். வீடு இல்லை, கூடாரம் இல்லை, ஏர் இல்லை, மாடு இல்லை. ரயில் பெட்டிகளிலும் தகரக் கொட்டகைகளிலும் வாரக்கணக்கில் கிடந்தார்கள். அவ்வழியே போன ரயில் தொழிலாளர்கள் கொடுத்த பிஸ்கட்டுகளில் குழந்தைகள் பசியாறின. பிறகு டைஃபஸ் காய்ச்சல் வந்தது. 60-க்கும் மேற்பட்ட குழந்தைகள் இறந்தார்கள். வயலில் முதல் விதை விழுமுன் இடுகாடு தேவைப்பட்டது. அந்த வட்டாரத்தில் அவர்கள் அமைத்த இடுகாடுதான் அர்ஜென்டினாவின் முதல் யூத இடுகாடு.

மனமுடைந்த குடும்பங்கள் பல சிதறிப்போயின. சில புவெனஸ் ஐரசுக்குத் திரும்பின, சில பக்கத்துக் குடியேற்றங்களில் கூலி வேலைக்குப் போயின. எஞ்சியவர்கள் ரயிலடியிலிருந்து சில மைல் உள்ளே போய்க் கூடாரம் போட்டார்கள். 1889 அக்டோபர் 23 ஊர் பிறந்த நாளாகக் கணக்கிடப்படுகிறது. எகிப்தின் அடிமைத்தனத்திலிருந்து மக்களை வெளியே அழைத்துவந்த மோசஸின் பெயரை ஊருக்குச் சூட்டச் சொன்னவர் கூட வந்த ரபி ஆரோன் ஹலெவி கோல்ட்மான்.

இங்கே ஒன்றைச் சொல்லியாக வேண்டும். பலாசியோசின் நிலம் யாருமற்ற வெறும் நிலமாக எப்போதும் இருந்ததில்லை. சாந்தா ஃபேயின் வடபகுதி மொகோவி போன்ற பூர்வகுடிகள் வேட்டையாடித் திரிந்த மண். அர்ஜென்டின ராணுவம் அவர்களைத் தொடர்ச்சியாக வடக்கே தள்ளிய பிறகுதான் அங்கே கம்பிவேலியும் ரயிலும் வந்தன. ஒரு மண்ணிலிருந்து விரட்டப்பட்டவர்கள், வேறொருவர் விரட்டப்பட்ட மண்ணில் வந்து இறங்கினார்கள். இந்தத் தொடரில் நாம் பார்த்த குடியேற்றங்களில் பலவற்றுக்கும் இது பொருந்தும்.

ஒரு டாக்டரின் கடிதமும் ஒரு பிரபுவின் பணமும்

அந்த மாதங்களில் ருமேனியாவில் பிறந்த வில்ஹெல்ம் லோவன்தால் என்ற டாக்டர், ஓர் ஆய்வுப் பணிக்காக அர்ஜென்டினாவில் சுற்றிக்கொண்டிருந்தார். பலாசியோஸ் ரயிலடியில் இருந்த கூட்டத்தை அவர் பார்த்தார். நேரே வெளியுறவு அமைச்சர் எஸ்தானிஸ்லாவோ செபாயோசுக்குப் புகார் எழுதினார். ஊர் திரும்பிய பிறகு பாரிசில் ஒரு திட்டத்தை முன்வைத்தார்: இங்கே இருப்பவர்களைக் காப்பாற்றலாம், அதோடு நிற்காமல், ஆண்டுதோறும் ஆயிரக்கணக்கானவர்களை இங்கே குடியேற்றலாம்.

அந்தத் திட்டத்தைக் கையில் எடுத்தவர் பாரன் மௌரிஸ் தெ ஹிர்ஷ். 1831-ல் மியூனிக்கில் பிறந்த இவர், ஐரோப்பாவிலிருந்து கான்ஸ்டான்டினோபிள் வரை ரயில் பாதை போட்டுப் பெரும் செல்வம் சேர்த்தவர். ரஷ்ய யூதர்களுக்குப் பள்ளிகள் தொடங்க 5 கோடி பிராங்க் தருவதாக அவர் ஜார் அரசிடம் சொல்லிப்பார்த்தார்; பணம் எப்படிச் செலவாக வேண்டும் என்பதில் இருதரப்பும் ஒத்துப்போகாமல் அது முடிந்துபோனது. 1887-ல் அவருடைய ஒரே மகன் லூசியன் இறந்தான். வாரிசில்லாத சொத்து முழுவதும் அதன்பின் ஒரே காரியத்தின் பக்கம் திரும்பியது.

பிச்சை போடுவதில் ஹிர்ஷுக்கு நம்பிக்கை கிடையாது. தர்மம் ஏழைகளைப் பெருக்கும் என்று வெளிப்படையாக எழுதியவர். உழைக்கக்கூடியவனை உழைப்பாளியாக்க வேண்டும், யூதனை மறுபடி உழவனாக்க வேண்டும் என்பதே அவர் கொள்கை. 1891 செப்டம்பரில் லண்டனில் யூதக் குடியேற்றச் சங்கத்தைப் பதிவு செய்தார். இனி அதைச் சங்கம் என்றே சொல்வோம். மூலதனம் 20 லட்சம் பவுண்ட்; 20,000 பங்குகளில் விரல்விட்டு எண்ணக்கூடியவை தவிர மற்ற எல்லாம் அவர் பெயரில். 25 ஆண்டுகளில் 30 லட்சத்துக்கும் அதிகமான யூதர்களை ரஷ்யாவிலிருந்து வெளியே கொண்டுவருவது என்று ரஷ்ய அரசிடம் திட்டம் கொடுத்தார்.

சங்கம் அதே ஆண்டு பலாசியோசிடமிருந்தே மோய்செஸ் வில்லே நிலத்தை வாங்கியது. அடுத்தடுத்துப் புவெனஸ் ஐரஸ் மாகாணத்தில் மௌரிசியோ, என்த்ரே ரியோஸ் மாகாணத்தில் கிளாரா, லூசியன்வில் என்று காலனிகள் எழுந்தன. ஹிர்ஷின் பெயர், மனைவியின் பெயர், இறந்த மகனின் பெயர் எல்லாம் அந்தப் புல்வெளியின் வரைபடத்தில் ஏறின. ஆனால் ஹிர்ஷ் ஒருமுறைகூட அர்ஜென்டினாவில் கால் வைத்ததில்லை. 1896-ல் அவர் இறந்தபோது எல்லாக் காலனிகளிலும் சேர்த்து மக்கள்தொகை 7,000-ஐக்கூட எட்டவில்லை. 30 லட்சம் எங்கே, 7,000 எங்கே?

அவர் இறப்பதற்கு ஓராண்டு முன், 1895-ல், பாரிசில் ஓர் இளம் பத்திரிகையாளர் அவரைச் சந்தித்து இந்தத் திட்டமே தவறு என்று வாதாடினார். யூதர்களைத் தனித்தனியாகக் குடியேற்றுவதால் பயனில்லை, அவர்களுக்கு ஒரு நாடு வேண்டும் என்றார். அந்தப் பேச்சு பாதியில் நின்றது. வந்தவர் பெயர் தியோடர் ஹெர்சல். மறு ஆண்டு அவர் வெளியிட்ட நூலில், பாலஸ்தீனமா அர்ஜென்டினாவா என்ற கேள்விக்கே ஒரு பகுதியை ஒதுக்கினார் என்பதிலிருந்து, அந்தக் காலத்தில் இந்தப் புல்வெளிக்கு இருந்த மதிப்பைப் புரிந்துகொள்ளலாம்.

கொடுத்ததும் கொடுக்காததும்

சங்கம் குடும்பத்துக்கு ஒரு நிலம் ஒதுக்கியது. இடத்தைப் பொறுத்து 50 ஹெக்டேர் முதல் 150 ஹெக்டேர் வரை, அதாவது ஏறக்குறைய 125 ஏக்கர் முதல் 370 ஏக்கர் வரை. நம் காவிரிப் படுகையில் இவ்வளவு நிலமிருந்தால் அவர் மிராசுதார். அங்கே மழையை நம்பிய மானாவாரிப் பூமியில் ஒரு குடும்பம் தாக்குப்பிடிக்க இவ்வளவு தேவைப்பட்டது. வீடு, மாடு, ஏர், விதை, வேலிக் கம்பி, முதல் அறுவடை வரை சாப்பாடு எல்லாம் சங்கம் தந்தது.

ஆனால் எதுவும் இனாம் இல்லை. எல்லாம் கணக்கில் ஏறியது. பல ஆண்டுத் தவணையில் வட்டியோடு கட்டி முடித்த பிறகே பட்டா. அதுவரை நிலத்தை விற்கக் கூடாது, உள்குத்தகைக்கு விடக் கூடாது, பங்கு பிரிக்கக் கூடாது. முன்கூட்டியே முழுத்தொகையையும் கட்டிவிடுகிறேன் என்று ஒருவர் பணத்தோடு வந்தாலும் சங்கம் எளிதில் ஒப்புக்கொள்ளவில்லை. பட்டா கைக்கு வந்தால் நிலத்தை விற்றுவிட்டுப் பட்டணம் போய்விடுவார்கள் என்ற பயம். நிர்வாகிகள் பலர் பிரெஞ்சு பேசும், கோட்டு போட்ட, புத்தகத்தில் விவசாயம் படித்தவர்கள். எதை விதைக்கலாம், யார் எங்கே குடியிருக்கலாம் என்று அவர்கள் சொன்னார்கள். எதிர்த்துப் பேசியவர்களை வெளியேற்றியதும் உண்டு.

மக்களைச் சொந்தக் காலில் நிற்கவைப்பதே சங்கத்தின் நோக்கம். அந்தக் காலில் நின்று அவர்கள் எங்கே நடப்பார்கள் என்பதைத் தானே தீர்மானிக்கவும் அது விரும்பியது. மௌரிசியோ காலனிக்காரர்கள் பட்டா கேட்டுக் கோர்ட்டுப் படி ஏறினார்கள். மோய்செஸ் வில்லேயிலும் சங்கத்தின் அலுவலகத்துக்கும் குடியானவர்களுக்கும் நடுவே மனக்கசப்பு ஓயவில்லை.

குதிரைமசால் காப்பாற்றியது

பொடோலியாவிலிருந்து வந்தவர்களில் பெரும்பாலோர் சிறு வியாபாரிகள், கைவினைஞர்கள், தானியத் தரகர்கள். கலப்பையைப் பிடித்தவர்கள் குறைவு. ஏர் பிடிக்கச் சொல்லிக் கொடுத்தவர்கள் சுற்றுவட்டாரத்து இத்தாலியக் குடியானவர்கள். சாந்தா ஃபேயில் 1856-லேயே எஸ்பெரான்சா என்ற சுவிஸ், ஜெர்மானியக் காலனி உருவாகியிருந்தது. அதன் பின்னே இத்தாலியின் பியமான்தே பகுதி விவசாயிகள் ஆயிரக்கணக்கில் வந்து கோதுமை வயல்களை விரித்திருந்தார்கள். குதிரை ஏறவும், கயிறு வீசி மாடு பிடிக்கவும், மாத்தே என்ற கசப்பு இலைப் பானத்தை உலோகக் குழாயால் உறிஞ்சவும் கற்றுத் தந்தவர்கள் கௌச்சோக்கள்.

பருவங்களே தலைகீழாகக் கிடந்த நாடு அது. வசந்தத்தில் வரவேண்டிய பாஸ்கா பண்டிகை அங்கே இலையுதிர் காலத்தில் வந்தது. கோதுமை அறுவடை டிசம்பர் வெயிலில் நடந்தது. மழை பொய்த்த ஆண்டு ஒன்று, வெட்டுக்கிளி வந்த ஆண்டு ஒன்று என்று கோதுமை அவர்களை ஏமாற்றிக்கொண்டே இருந்தது. 1890-களில் வெட்டுக்கிளிக் கூட்டங்கள் வானத்தை மறைத்து வந்து இறங்கியபோது, தகரம் தட்டியும் புகை போட்டும் பள்ளம் தோண்டியும் போராடினார்கள்.

இந்தத் தோல்விகளுக்கு நடுவே 1894-ல் வேறொரு கூட்டம் வந்து சேர்ந்தது. பேரரசின் வடமேற்கே, குரோட்னோ வட்டாரத்திலிருந்து நோவா கோசியோவிச் என்பவர் அழைத்துவந்த குடும்பங்கள் இவை. வேலை செய்யத் திராணியுள்ள மகன்கள் இருக்கும் குடும்பங்களாகப் பார்த்துத் தேர்ந்தெடுத்திருந்தார்கள். இவர்கள் தந்த தெம்பிலும் சாகுபடி முறை மாறியதிலும் ஊர் நிலைத்தது.

சாகுபடியில் வந்த மாற்றத்துக்குப் பெயர் குதிரைமசால். நம்மூர்க் கால்நடைப் பண்ணைகளிலும் வளரும் அதே தீவனப்பயிர்தான். கோதுமையை ஆண்டுதோறும் விதைத்து ஆண்டுதோறும் பயப்பட வேண்டும். குதிரைமசாலை ஒருமுறை விதைத்தால் பல ஆண்டுகள் வெட்டலாம். வேர் ஆழமாகப் போவதால் வறட்சியையும் தாங்கும். அதைத் தின்ற மாடு கொழுத்தது, கறிக்கு விலை கிடைத்தது, பாலிலிருந்து வெண்ணெயும் பாலாடைக்கட்டியும் வந்தன, விதையையும் விற்றார்கள். 1890-களின் கடைசியில் தொடங்கி மோய்செஸ் வில்லே மெல்ல மெல்லக் கோதுமை ஊரிலிருந்து மாட்டு ஊரானது. சாந்தா ஃபே இன்றும் அர்ஜென்டினாவின் பெரிய பால் உற்பத்தி வட்டாரங்களில் ஒன்று.

வீடுகளைச் சிறு சிறு கூட்டமாகக் கட்டி, அதைச் சுற்றிலும் வயல்களை நீள நீளப் பட்டைகளாக விரித்திருந்தார்கள். '12 வீடுகள்', '24 வீடுகள்' என்றே அந்தக் கூட்டங்களுக்குப் பெயர் நின்றுவிட்டது. தனித்தனிப் பண்ணை வீடுகளில் குடியிருந்தால் சாபத் என்னும் ஓய்வுநாள் தொழுகைக்கு வேண்டிய பத்து ஆண்கள் கூட முடியாது. வயலுக்கு அருகே இருக்கவும் வேண்டும், தொழுகைக்கு ஆளும் சேர வேண்டும். இரண்டுக்கும் நடுவே அவர்கள் கண்டுபிடித்த வழி இது.

கத்தியும் பேனாவும்

பின்னாளில் மோய்செஸ் வில்லேயைப் பற்றி எழுதியவர்கள் பலர், யூதரும் கௌச்சோவும் ஒரே நெருப்பைச் சுற்றி அமர்ந்திருந்த காட்சியையே வரைந்தார்கள். அதில் உண்மை உண்டு. முழு உண்மை இல்லை. வேலி வந்ததால் திறந்த புல்வெளியில் வாழ்வை இழந்த கௌச்சோக்களுக்கும், அந்த வேலியைப் போட வந்த புதியவர்களுக்கும் இடையே ரத்தம் சிந்தியது. 1889 முதல் 1906 வரை அந்தக் காலனியில் நடந்த 22 கொலைகளை, மிகல் ஹக்கோஹென் சினாய் என்ற பத்திரிகையாளர் 1947-ல் கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் யிட்டிஷ் மொழியில் பட்டியலிட்டார். இவர் இளமையில் அந்தக் காலனியில் வாழ்ந்தவர். 1898-ல், இளம் வயதிலேயே, அர்ஜென்டினாவின் முதல் யிட்டிஷ் பத்திரிகைகளில் ஒன்றைத் தொடங்கியவர். அவருடைய கொள்ளுப்பேரன் ஹாவியர் சினாய் அந்தப் பட்டியலைப் பிடித்துக்கொண்டு தேடி 2013-ல் ஒரு நூல் எழுதினார். தேடலில் அவருக்கு இருந்த பெரிய தடை, 1994-ல் புவெனஸ் ஐரசில் யூத சமூக மையத்தின்மேல் நடந்த குண்டுவெடிப்பு. 85 பேரைக் கொன்ற அந்த வெடிப்பில், அங்கிருந்த யிட்டிஷ் ஆவணக் காப்பகமும் சிதைந்துபோனது.

மோய்செஸ் வில்லேயில் 1891-ல் கௌச்சோ ஒருவரின் கையால் இறந்தவர்களில் ஒரு சிறுவனின் தந்தையும் இருந்தார். அந்தக் குடும்பம் பிறகு என்த்ரே ரியோசின் காலனி ஒன்றுக்குக் குடிபெயர்ந்தது. சிறுவன் வளர்ந்து ஆல்பர்த்தோ கெர்ச்சுனோஃப் என்ற எழுத்தாளரானார். அர்ஜென்டினப் புரட்சியின் நூற்றாண்டான 1910-ல் அவர் வெளியிட்ட 'யூத கௌச்சோக்கள்' அந்த நாட்டு இலக்கியத்தில் நிலைத்த நூல். தந்தையைக் கொன்ற இனத்தாரின் பெயரையே தன் மக்களுக்குச் சூட்டினார் அவர். தாங்களும் இந்நாட்டவரே என்று ஒரு நாட்டுக்கு நிரூபிக்க வேண்டிய நிலையில் எழுதப்பட்ட நூல் அது. அதனால்தானோ என்னவோ, வரலாற்றின் வன்முறை அதில் பின்னுக்குப் போய், வயலும் வெயிலும் முன்னே நிற்கின்றன.

சங்கத்துக்குப் பதில் கூட்டுறவு

சங்கத்தின் அலுவலகத்தில் கைகட்டி நிற்பதற்குக் குடியானவர்கள் கண்ட மாற்று, தங்களுக்குள் கூடுவது. என்த்ரே ரியோஸ் மாகாணத்தின் லூசியன்வில் காலனியில் 1900-ல் விவசாயிகளின் அமைப்பு ஒன்று பிறந்தது. அர்ஜென்டினாவின் மிகப் பழைய விவசாயக் கூட்டுறவுகளில் அதுவும் ஒன்று. 1904-ல் கிளாரா காலனியின் தோமிங்கெசில் ஒன்று வந்தது. அதன் முன்னணியில் இருந்த மிகெல் சஹாரோஃப், டால்ஸ்டாயின் கருத்துகளில் ஊறியவர். அர்ஜென்டினக் கூட்டுறவு இயக்கத்தின் முன்னோடியாக இன்றும் மதிக்கப்படுபவர். மோய்செஸ் வில்லேயில் 1908-ல் 'மூத்துவா அக்ரிகோலா' தொடங்கியது.

இவை செய்த வேலை எளிமையானது: விதையையும் சாக்குப்பையையும் கூட்டாக வாங்குவது, விளைச்சலைக் கூட்டாக விற்பது, அறுவடை வரை கடன் கொடுப்பது. ஆனால் அதன் விளைவு பெரியது. தானிய வியாபாரி வைத்ததே விலை என்ற நிலை மாறியது. ஒருவருக்கு மாடு செத்தால் சங்கத்தின் நிர்வாகி முகத்தைப் பார்க்க வேண்டியதில்லை. 1925-ல் பல காலனிகளின் கூட்டுறவுகள் சேர்ந்து ஒரு கூட்டமைப்பையும் அமைத்தன. பணக்காரப் பிரபு கோடிகள் செலவழித்துக் கற்பிக்க நினைத்த தற்சார்பை, அவருடைய அலுவலகத்தோடு மல்லுக்கட்டித்தான் அவர்கள் கற்றுக்கொண்டார்கள்.

1920-களின் நடுப்பகுதி காலனிகளின் உச்சம். சங்கத்தின் கையில் 6 லட்சம் ஹெக்டேருக்கும் அதிக நிலம் இருந்தது. காலனிகளில் சுமார் 33,000 யூதர்கள் வாழ்ந்தார்கள். மோய்செஸ் வில்லேயில் நூலகம் இருந்தது. பல தொழுகைக்கூடங்கள் இருந்தன, அவற்றில் ஒன்று தொழிலாளர்களுக்கானது. 1929-ல் திறந்த கதிமா அரங்குக்குப் புவெனஸ் ஐரசிலிருந்து யிட்டிஷ் நாடகக் குழுக்கள் வந்தன. பகலில் மாடு மேய்த்தவர்கள் இரவில் நாடகம் பார்த்தார்கள். 1943-ல் எபிரேய ஆசிரியர்களைப் பயிற்றுவிக்கும் பள்ளி ஒன்று இங்கே தொடங்கியது. நாட்டின் பல பகுதிகளிலிருந்தும் யூதப் பிள்ளைகள் வந்து தங்கிப் படித்தார்கள்.

பிள்ளைகள் போன வழி

படிப்பைச் சொன்னேன் அல்லவா, ஊர் கலைந்ததும் அந்த வழியிலேயே என்று வழக்கமாகச் சொல்வார்கள். 'கோதுமை விதைத்தோம், டாக்டர்களை அறுத்தோம்' என்று காலனிக்காரர்களே பெருமையும் ஏக்கமும் கலந்து சொல்லும் பழமொழி ஒன்று உண்டு. ஊரில் ஆரம்பப் பள்ளி மட்டும் இருக்க, மேற்படிப்புக்கு மகன் ரோசாரியோவுக்கோ புவெனஸ் ஐரசுக்கோ போனான், திரும்பவில்லை. இது உண்மைதான். ஆனால் படிப்பின்மேல் மட்டும் பழியைப் போடுவது, ஒப்பந்தத்தைத் தப்பவிடுவதாகும்.

நான்கு மகன்கள் உள்ள குடும்பத்துக்கு ஒரே ஒரு நிலம். அதைப் பிரிக்கக் கூடாது. பக்கத்திலேயே மகனுக்கு நிலம் கேட்டால், சங்கம் பெரும்பாலும் மறுத்தது; ஒதுக்கினாலும் தொலைவான காலனியில் ஒதுக்கியது. தந்தையும் மகனும் பக்கத்தில் இருந்தால் இரண்டு நிலத்தையும் ஒன்றாக்கிப் பெரிய பண்ணையாக்கிவிடுவார்கள், கூலிக்கு ஆள் வைத்துத் தாங்கள் உழைக்க மாட்டார்கள் என்ற பயம். சங்கம் பயந்தபடி அவர்கள் பண்ணையாராகவில்லை. ஊரை விட்டே போனார்கள். மூத்தவனுக்கே நிலம் போதாதென்றால், மற்றவர்களுக்கு மிஞ்சியது படிப்பு மட்டுமே. பள்ளிக்கூடம் திறந்த கதவு என்றால், அதை நோக்கித் தள்ளியது மூடிய பட்டா.

மற்ற காரணங்களும் சேர்ந்தன. 1930-களின் உலகப் பொருளாதார மந்தத்தில் தானிய விலை விழுந்தது. டிராக்டர் வந்தபின் 100 ஹெக்டேருக்கு இத்தனை கைகள் தேவைப்படவில்லை. நகரங்களில் தொழிற்சாலைகள் ஆட்களை இழுத்தன. 1936-ல் ஹிட்லரிடமிருந்து தப்பிய ஜெர்மானிய யூதர்களுக்காக என்த்ரே ரியோசில் அவிக்தோர் என்ற காலனியைச் சங்கம் தொடங்கியது. பெரிய குடியேற்றங்களில் அதுவே கடைசி. இரண்டே ஆண்டுகளில், 1938-ல், அர்ஜென்டின வெளியுறவு அமைச்சகம் ரகசியச் சுற்றறிக்கை ஒன்றின் மூலம் அகதிகளுக்கு விசா மறுக்கத் தன் தூதரகங்களுக்கு உத்தரவிட்டது. உயிருக்குத் தப்ப நிலம் தேவைப்பட்ட அந்த நேரத்தில், ஆள் தேடிய நாடு கதவை அடைத்துக்கொண்டது. 1948-க்குப் பிறகு இளைஞர்களில் ஒரு பகுதியினர் இஸ்ரேலுக்குப் போய் அங்கே கிப்புட்சுகள் எனப்படும் கூட்டுப் பண்ணைகளில் சேர்ந்தார்கள். அப்பாவின் வயலில் கற்ற தொழில் வேறு மண்ணில் பயன்பட்டது.

போனவர்களின் நிலங்களை வாங்கியவர்கள் பெரும்பாலும் பக்கத்து இத்தாலியக் குடும்பங்களே. ஒரு காலத்தில் ஏர் பிடிக்கச் சொல்லிக் கொடுத்தவர்களின் பேரப்பிள்ளைகள். அந்தக் குடும்பங்களுக்கு எந்தச் சங்கமும் பிரபுவும் இல்லை. கிடைத்த விலையில் வாங்கினார்கள், தேவைப்பட்டால் பிரித்தார்கள், விற்றார்கள், மறுபடி வாங்கினார்கள். எந்த ஒப்பந்தமும் கட்டிப்போடாததால்தான் அவர்களில் பலர் மண்ணோடு தங்கினார்கள் என்று நான் நினைக்கிறேன்.

அர்ஜென்டின அரசு 1999-ல் மோய்செஸ் வில்லேயைத் தேசிய வரலாற்றுச் சின்னமாக அறிவித்தது. ரபி கோல்ட்மானின் பெயரில் அருங்காட்சியகம் இயங்குகிறது. தொழுகைக்கூடங்களையும் கதிமா அரங்கையும் பராமரிப்பதில் ஊரின் யூதரல்லாதவர்களுக்கும் பங்குண்டு. யூதர் எண்ணிக்கையை வைத்துப் பார்த்தால் இந்தக் காலனி தோற்றது என்று சொல்லலாம். ஆனால் ஒருமுறைகூட உழாத வியாபாரிகள், ஒரே தலைமுறையில் வறட்சியும் வெட்டுக்கிளியும் தாங்கும் விவசாயிகளானார்கள். ஒரு நாட்டுக்குக் கூட்டுறவைக் கற்றுத் தந்தார்கள். ஹிர்ஷின் கொள்கை அந்த அளவுக்குச் சரியானதே. அவர் நம்பாதது ஒன்றே ஒன்று: மண்ணின் முழு உரிமை கைக்கு வந்த பிறகும் உழவன் உழுவான் என்பது.

நிலத்தைக் கொடுப்பவர் தனி மனிதரோ சங்கமோ அல்லாமல் ஒரு புரட்சி அரசே என்றால் இந்தக் கதை மாறுமா? 1924-ல் சோவியத் அரசு கிரீமியாவில் யூதர்களுக்கு நிலம் ஒதுக்கியது. அமெரிக்க யூதர்களின் பணத்தில் டிராக்டர்களும் வந்து சேர்ந்தன. அந்தக் குடியேற்றங்களை அடுத்த இதழில் பார்ப்போம்.

(தொடரும்)